மருந்தறைப் பதிவேட்டின் கடைசி நான்கு நாள்

மூக்கண்ணனுக்கு மூக்கு ஒன்றும் பெரிதில்லை, சப்பை மூக்குதான். ஆனால் அந்தச் சப்பை மூக்குக்குத் தப்பும் வாசனை கிடையாது என்பதால் கம்பெனி ஆட்கள் வைத்த பெயர் அது. பெற்றவர்கள் வைத்த பெயரை அவர் மனைவியே பாதி மறந்திருப்பாள். அந்த மனுஷன் அந்த மழைக்காலத்தில் தினமும் காலையில் ஒரு காரியம் செய்தார். பல் தேய்த்த கையோடு, டீகூடக் குடிக்காமல், மூன்று தெரு நடந்து தன் சொந்தக் கம்பெனிக்குப் போவார். பின்பக்கம் மருந்தறையின் இரும்புக் கதவுக்கு முன்னால் குந்துவார். கதவுக்கும் தரைக்கும் நடுவே விரல் நுழையாத இடுக்கு ஒன்று உண்டு. அதில் மூக்கை வைத்து மெதுவாக இழுப்பார்.

கதவில் இரண்டு பூட்டு. இரண்டு பூட்டின் மேலும் துணி சுற்றி அரக்கு வைத்து, கோர்ட் முத்திரை குத்தி, ஒரு காகிதம் ஒட்டியிருந்தது. இந்த முத்திரையைத் தொடுகிறவர்கள் தண்டிக்கப்படுவார்கள் என்று எழுதியிருந்ததை அவர் மனப்பாடமே செய்துவிட்டார்.

உள்ளே நாற்பத்திரண்டு டப்பா மாத்திரை இருந்தது. மனுஷன் சாப்பிடுகிற மாத்திரை இல்லை. தானியக் கிடங்குகளில் வண்டு விழுந்தால் மூட்டைகளைத் தார்ப்பாயால் மூடி, ஓரமெல்லாம் காற்றுப் போகாமல் மணல் அடைத்த நீளப் பைகளை வைத்து அழுத்தி, உள்ளே இந்த மாத்திரையைப் போடுவார்கள். காற்றில் இருக்கும் ஈரம் பட்டதும் அது புகைந்து விஷக்காற்றாகும். வண்டு சாகும், எலி சாகும், அசந்து உள்ளே போனால் மனுஷனும் சாவான். பூண்டு அழுகினது போல் ஒரு வாடை வரும். மூக்கை நம்பி இந்தக் காற்றோடு விளையாடக் கூடாது, வாடை தெரிவதற்குள் காரியம் கெட்டுவிடும் என்று புது ஆட்களுக்குப் பாடம் எடுத்ததே மூக்கண்ணன்தான். அதற்கென்று மீட்டர் இருக்கிறது. அந்த மீட்டரும் சீல் வைத்த அறைக்குள்ளேதான் மாட்டிக்கொண்டிருந்தது. இந்தக் கூத்தை யாரிடம் போய்ச் சொல்வது?

ஈரம் பட்டால் புகையும் சரக்கு. வெளியே விடாத மழை. அறையின் வடக்குச் சுவர் மூலையில் போன வருஷமே ஒழுகல் கண்டிருந்தது. இந்தக் கோடையில் பூசிவிடலாம் என்றுதான் கம்பெனியின் பங்குதாரர்கள் இரண்டு பேரும் பேசி வைத்திருந்தார்கள். கோடையில் ஒருத்தர் போய்ச் சேர்ந்துவிட்டார்.

அவருக்குப் பட்டாளத்தார் என்று பெயர். பட்டாளத்தின் வாசலைக்கூட மிதித்தவர் இல்லை. நெஞ்சை நிமிர்த்தி, கையை வீசி நடப்பார், அவ்வளவுதான். மூக்கண்ணனைவிட ஆறு வயது மூத்தவர். இரண்டு பேரும் ஒரே கிடங்கில் மூட்டைக் கணக்கெழுதியவர்கள். ஒன்றாகப் பயிற்சிக்குப் போய், ஒன்றாகப் பரீட்சை எழுதி, ஒரே லைசென்ஸில் இரண்டு பேர் பெயரும் வர வாங்கி, பதினெட்டு வருஷம் தொழில் செய்தார்கள். அண்ணே என்றால் தம்பி என்பார், அவ்வளவு நெருக்கம். சண்டை வந்தால் தார்ப்பாயைச் சரியாக மடிக்கவில்லை என்று வரும். மத்தியானச் சாப்பாட்டோடு தீர்ந்துபோகும்.

லைசென்ஸ் கொடுத்த அலுவலகம் போட்ட நிபந்தனைகளில் முக்கியமானது இது. மருந்தறைக்கு இரண்டு பூட்டு வேண்டும். ஒரு சாவி ஒருவரிடம், மற்றது இன்னொருவரிடம். இரண்டு பேரும் நேரில் நின்றுதான் திறக்க வேண்டும். எத்தனை டப்பா எடுத்தது, எத்தனை மீதி என்று பதிவேட்டில் எழுதி இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டும். பக்கத்துக்குப் பக்கம் எண் அச்சடித்த பதிவேடு, கிழிக்கவும் முடியாது, ஒட்டவும் முடியாது. விஷத்தைத் தனி ஆள் கையில் விடக்கூடாது என்ற நல்ல எண்ணத்தில் யாரோ யோசித்துப் போட்ட விதி.

முதல் சில மாதம் ஒழுங்காகத்தான் நடந்தது. அப்புறம் ஒரே நாளில் இரண்டு கிடங்கில் வேலை வரும். ஒருத்தர் விடியற்காலையில் வந்து மருந்து எடுக்க வேண்டும், இன்னொருத்தர் ஊருக்கு மறுகோடியில் தார்ப்பாய் இழுத்துக்கொண்டிருப்பார். "சாவியை நீயே வச்சுக்கடா, நான் வந்து கையெழுத்துப் போட்டுக்கறேன்" என்று ஆரம்பித்தது, "என் கையெழுத்தையும் நீயே போட்டுடு" என்று முடிந்தது. மூக்கண்ணன் பட்டாளத்தாரின் கையெழுத்தைப் பழகினார். பட்டாளத்தார் மூக்கண்ணனுடையதைப் பழகினார். முதலில் சிரிப்பாக இருந்தது. "என் கையெழுத்த என்னைவிட நீ அழகா போடறியேடா, பாங்க்ல போய் போட்டுடாத" என்று பட்டாளத்தார் முதுகில் தட்டுவார். போகப்போகச் சிரிப்பதற்குக்கூட அதில் ஒன்றும் இல்லாமல் போயிற்று. யார் முதலில் வருகிறாரோ அவர் இரண்டு பூட்டையும் திறப்பார், எண்ணுவார், எழுதுவார், இரண்டு பேர் கையெழுத்தையும் போடுவார். ஆனால் எண்ணிக்கையில் மட்டும் ஒரு நாளும் பிசகியதில்லை. எடுத்தது, மீதி, காலி டப்பா திரும்பி வந்தது எல்லாம் சுத்தம்.

பட்டாளத்தார் ஒரு வியாழக்கிழமை, பதினாலாம் தேதி காலையில், ஆஸ்பத்திரியில் இறந்துபோனார். மார்வலி என்று போனவர் மூன்றாம் நாள் பிணமாகத் திரும்பினார். அன்று சாயங்காலமே அடக்கம் முடிந்தது. வெள்ளிக்கிழமை ஒரு பெரிய கிடங்கில் பாதி வேலை நின்றுகொண்டிருந்தது. தார்ப்பாய் மூடியாகிவிட்டது, மருந்து போடாமல் விட்டால் வண்டு அடுத்த அடுக்குக்கு ஏறும். மூக்கண்ணன் தூங்காத கண்ணோடு போனார். இரண்டு பூட்டையும் திறந்தார். டப்பாக்களை எண்ணினார். எழுதினார். கையெழுத்துப் போட்டார். சனி, ஞாயிறு, திங்கள், அதே மாதிரி.

செவ்வாய்க்கிழமை எழுத உட்கார்ந்தபோதுதான் மேலே இருந்த நாலு வரியைப் பார்த்தார். நாலு வரியிலும், அவர் கையெழுத்துக்குப் பக்கத்தில், பட்டாளத்தாரின் கையெழுத்து சுழித்துக்கொண்டு நின்றது.

அவருக்கு உடம்பெல்லாம் குப்பென்று வியர்த்தது. செத்த மனுஷன் நாலு நாள் மருந்தறைக்கு வந்து கையெழுத்துப் போட்டிருக்கிறான்! வேண்டுமென்று செய்யவில்லை. யோசித்துச் செய்யவில்லை. பேனாவை எடுத்தால் கை இரண்டு கையெழுத்துப் போடும், பதினெட்டு வருஷமாக அதுதான் பழக்கம். ஆனால் பழக்கம் என்று சொன்னால் எந்தப் போலீஸ்காரன் கேட்பான்? அடித்தாலும் குற்றம், கிழித்தாலும் குற்றம். அவர் ஐந்தாவது வரியில், இரண்டாவது கட்டத்தில், "பங்குதாரர் 14ஆம் தேதி காலமானார்" என்று எழுதினார். எழுதி முடித்த பிறகுதான் இன்னொன்று உறைத்தது. மேலே இருக்கும் நாலு வரி பொய் என்று அவரே தன் கையால் எழுதிக் கொடுத்துவிட்டார். பதிவேட்டை வீட்டுக்குக் கொண்டுபோய் அலமாரியில் வைத்துப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டார். பெண்டாட்டியிடம்கூட மூச்சு விடவில்லை.

அதோடு போயிருந்தால் வண்டி ஓடியிருக்கும். ஆனால் பட்டாளத்தாருக்கு ஒரு மகன் இருந்தான். கெட்டவன் என்று சொல்ல முடியாது. செல்போன் கடை வைத்து நஷ்டப்பட்டு, அப்பாவும் போன துக்கத்தில், காதில் ஓதுகிறவர்கள் பேச்சைக் கேட்டுக்கொண்டு ஒரு நாள் வந்து நின்றான்.

"சித்தப்பா, லைசென்ஸ்ல பாதி எங்கப்பாவோடது. அதை என் பேருக்கு மாத்திக் குடுங்க. நானே தொழிலப் பாத்துக்கறேன்."

"லைசென்ஸ் என்ன வீடா வாசலாப்பா, பாதி பாதியா பிரிக்க? படிச்சுப் பரீட்சை எழுதினவன் பேருக்குத்தான் தருவாங்க. நீ பயிற்சிக்குப் போ, பாஸ் பண்ணு, நானே கூட்டிட்டுப் போய் உன் பேரைச் சேக்கறேன். முதல்ல இந்த மருந்தோட குணம் என்னன்னு தெரிஞ்சுக்க."

"பதினெட்டு வருஷம் எங்கப்பா உழைச்ச பேரு. அதை நீங்க தனியா முழுங்கப் பாக்கறீங்க."

அந்தப் பையனைத் தோளில் தூக்கிச் சுமந்தவர் மூக்கண்ணன். முழுங்கப் பார்க்கிறீர்கள் என்ற வார்த்தையில் அவருக்கும் சுருக்கென்றது. கொஞ்சம் சத்தமாகப் பேசிவிட்டார். அவன் நேராக வக்கீலிடம் போனான். லைசென்ஸும் தொழிலும் பங்குதாரர்களின் கூட்டுச் சொத்து, அப்பாவின் பங்கு வாரிசுக்குத்தான் வரவேண்டும், தீர்ப்பு வரும்வரை சரக்கை யாரும் தொடக்கூடாது என்று வழக்குப் போட்டான். கோர்ட்டுக்கு அது சரக்கு, அவ்வளவுதான். அரிசி மூட்டை, துணி மூட்டை மாதிரி ஒரு சரக்கு. கோர்ட் உத்தரவோடு அமீனா வந்தார், மருந்தறையில் சீல் வைத்தார், சீல் வைத்த விவரம் எழுதிய மகஜரில் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார். "ஐயா, இது ஈரம் படக்கூடாத மருந்து, அப்படியே பூட்டி வைக்கற சாமான் இல்ல" என்று மூக்கண்ணன் பின்னாலேயே ஓடினார். "எதா இருந்தாலும் ஜட்ஜ்கிட்ட சொல்லுங்க" என்று அவர் வண்டியில் ஏறிவிட்டார்.

லைசென்ஸ் அலுவலகத்துக்கு ஓடினார். கோர்ட் சீல் வைத்ததை நாங்கள் தொட முடியாது என்றார்கள். ஜட்ஜிடம் சொல்லலாம் என்றால் வக்கீல் மூலமாகத்தான் சொல்ல முடியும். மூக்கண்ணனின் வக்கீல் ஒரு அம்மா. நறுக்கென்று பேசுவார், நாலு வார்த்தையில் விஷயத்தை முடிப்பார். கோர்ட்டில் எழுந்து, அறையைத் திறக்காவிட்டால் ஆபத்து என்று வாதாடினார். சரக்கைக் கடத்துவதற்குக் கட்டும் கதை இது என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். நீதிபதி இரண்டு பேரையும் பார்த்துவிட்டு, உள்ளே என்ன இருக்கிறது, எவ்வளவு இருக்கிறது, கடைசியாக எப்போது பார்த்தது, அதற்கான பதிவேட்டைக் கொண்டு வாருங்கள், பார்த்துவிட்டு உத்தரவு போடுகிறேன் என்றார்.

"பதிவேடு இருக்கில்ல?" வக்கீலம்மா வராந்தாவில் கேட்டார்.

மூக்கண்ணன் மழையைப் பார்த்துக்கொண்டே, "தேடணும்மா" என்றார்.

"தேடணுமா? விஷத்துக்கு எழுதற பதிவேட்டைத் தேடணுமா?"

"எங்கியோ வச்சிட்டேன்மா."

வக்கீலம்மா அவர் முகத்தை ஒரு நிமிஷம் பார்த்தார். கட்டைத் தூக்கிக்கொண்டு அடுத்த வழக்குக்குப் போய்விட்டார். அன்று மூக்கண்ணன் வீட்டுக்கு வந்து அலமாரியைத் திறந்து, பதிவேட்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, இதை எரித்துவிட்டால் என்ன என்று யோசித்தார். எரித்தால் அறை திறக்காது. கொண்டுபோய்க் கொடுத்தால் அறை திறக்கும், அவரைத் தூக்கி உள்ளே வைப்பார்கள். இந்த இரண்டுக்கும் நடுவே ஒரு வாரம் மழை பெய்தது.

அந்த ஒரு வாரம் அவர் பட்டது சொல்லி முடியாது. மருந்தறைச் சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு தையல் கூடம். கம்பெனி தொடங்கியபோது அங்கே வெறும் பொட்டல்தான். ஊர் வளர்ந்து வளர்ந்து வந்து சுவரோடு ஒட்டிக்கொண்டது. காலை ஒன்பது மணிக்குப் பன்னிரண்டு பெண்கள் வந்து உட்கார்ந்து தைப்பார்கள். அவர்கள் மெஷின் சத்தம் சுவர் வழியே தடதடவென்று கேட்கும். மூக்கண்ணனுக்கு அந்தச் சத்தம் கேட்கும்போது ஈரக்குலை நடுங்கும். சத்தம் நின்றால் அதைவிட அதிகமாக நடுங்கும். ஒரு தடவை கரண்ட் போய் மெஷினெல்லாம் ஒரேயடியாக நின்றபோது, மனுஷன் செருப்பில்லாமல் தெருவைச் சுற்றி ஓடிப்போய் ஜன்னலில் எட்டிப் பார்த்தார். உள்ளே பன்னிரண்டு பேரும் ஊர்க்கதை பேசிக்கொண்டிருந்தார்கள்.

வீட்டிலும் நிம்மதி இல்லை. சமையலறையில் பூண்டு நசுக்குகிற வாசனை வந்தால் திடுக்கென்று எழுந்து நிற்பார். "ஏன் இப்பிடி பேயறைஞ்ச மாதிரி நிக்கறீங்க?" என்று மனைவி கரண்டியோடு எட்டிப் பார்ப்பாள். மூன்றாவது தடவை அவள் அடுப்பை அணைத்துவிட்டு வந்து எதிரில் உட்கார்ந்தாள். வாயைத் திறந்தால் மூடமாட்டாள் என்று ஊரில் பெயர் வாங்கியவள், அன்று பேசாமல் உட்கார்ந்திருந்தாள். அதைப் பார்த்துத்தான் அவருக்கு அழுகை வந்தது. எல்லாவற்றையும் கொட்டிவிட்டார்.

"நாலு கையெழுத்தா?" என்றாள்.

"நாலுதான் வெளிய தெரியும். ஆனா பதினெட்டு வருஷமா போட்டிருக்கேன்."

"அவரு?"

"அவரும்தான் என்னோடத போட்டாரு."

"நல்ல ஜோடி! கட்டின பொண்டாட்டி ஒரு ஃபார்ம்ல கையெழுத்துப் போடுன்னு கேட்டா படிச்சுப் பாக்காம போடாத ஆளு நீங்க." சொல்லும்போதே அவள் குரல் உடைந்தது. "ஜெயில்ல போட்டுடுவாங்களா?"

"தெரியல. லைசென்ஸ் போயிடும். ஆளுங்க ஏழு பேருக்கும் வேல போயிடும். போலீஸ் கேஸும் போடலாம்."

"அப்ப குடுக்காதீங்க" என்றாள் உடனே. கொஞ்ச நேரம் கழித்து, "குடுக்காம விட்டா அந்தப் பொண்ணுங்க?" என்று அவளே கேட்டாள். பயத்தில் அவர் கையை அவள் பிடித்துக்கொண்டாள், அவள் கையும் சில்லென்றுதான் இருந்தது.

எட்டாம் நாள் காலை, இடுக்கில் மூக்கை வைத்தவர் அப்படியே பின்னால் சாய்ந்தார். இருக்கிறதா, இல்லையா என்று சொல்ல முடியாத அளவுக்கு ஒரு வாடை. ராத்திரி சாப்பிட்டதா? தன் சட்டையா? எழுந்து தையல் கூடத்துக்கு ஓடினார். மேஸ்திரி அம்மா அப்போதுதான் கதவைத் திறந்துகொண்டிருந்தாள்.

"அம்மா, உள்ள யாராச்சும் சாப்பாடு கொண்டு வந்து வச்சிருக்காங்களா? பூண்டு கீண்டு?"

"இன்னும் ஒருத்தியும் வரல. ஏண்ணே?" அவள் மூக்கை உறிஞ்சினாள். "ரெண்டு நாளா காலைல திறந்தா ஒரு மாதிரி வாடைதான் வருது. எலி செத்திருக்கும்னு நினைச்சோம்."

"கதவ மூடுங்க. இன்னைக்கு யாரும் உள்ள போகக் கூடாது. என்ன ஏதுன்னு கேக்காதீங்க, கும்பிட்டுக் கேக்கறேன், எல்லாரையும் வீட்டுக்கு அனுப்பிடுங்க."

அவர் முகத்தைப் பார்த்தவள் பூட்டைத் திருப்பிப் பூட்டினாள். மூக்கண்ணன் நேராக வீட்டுக்குப் போய் பதிவேட்டை எடுத்து, நனையாமல் பாலிதீன் பையில் சுற்றி, கோர்ட்டுக்கு நடந்தார். வழியில் இரண்டு தடவை நின்று, திரும்பிப் போய்விடலாமா என்று பார்த்தார்.

வக்கீலம்மா கடைசிப் பக்கத்தைப் பார்த்தார், தேதியைப் பார்த்தார். புரிந்துவிட்டது. "இதை எரிச்சிருக்கலாமே" என்றார் மெதுவாக. அப்புறம், "நான் இந்த வார்த்தைய சொல்லல, நீங்க கேக்கல. ஒண்ணு மட்டும் ஞாபகம் வச்சுக்கங்க. ஜட்ஜ் கையெழுத்தப் பத்திக் கேட்டா நீங்க பதில் சொல்லணும்னு கட்டாயம் இல்ல. வாயத் திறக்காதீங்க. நான் பாத்துக்கறேன்."

அவசர மனு என்று மத்தியானமே எடுத்துக்கொண்டார்கள். சின்னக் கூடம், ஒரு மின்விசிறி மட்டும் சுற்றியது. பட்டாளத்தாரின் மகன் முன் வரிசையில் இருந்தான், அவன் அம்மா பின்னால் சுவரோரம் இருந்தார். மூக்கண்ணன் அண்ணி என்று கூப்பிடுகிற அந்த அம்மா, அவரைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை, பார்த்துக்கொண்டே இருந்தார். அதுவே அவருக்குத் தாங்கவில்லை.

நீதிபதி பதிவேட்டை முன்னும் பின்னும் புரட்டினார். எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, இந்தப் பதிவேடே நேற்று உட்கார்ந்து எழுதினதாக இருக்கலாம், இதை நம்ப முடியாது என்றார்.

"அப்படீன்னா உங்க கட்சிக்காரரையே கேப்போம்" என்று நீதிபதி மகனைக் கூப்பிட்டார். "இந்தக் கட்டத்துல இருக்கறது யார் கையெழுத்து?"

அவன் குனிந்து பார்த்தான். அவன் வக்கீல் தலையை ஆட்டுவதற்குள், "எங்கப்பாவோடதுங்க" என்று சொல்லிவிட்டான். குரலில் ஒரு பிரியம் இருந்தது.

"நிச்சயமா?"

"எங்கப்பா கையெழுத்து எனக்குத் தெரியாதாங்க? இதோ இந்தச் சுழி, அவர மாதிரி யாரும் போட முடியாது."

"அப்பா எந்தத் தேதில இறந்தாரு?"

"பதினாலு."

"நீங்க கை வச்சிருக்கறது பதினேழு."

மகன் பதிவேட்டையே பார்த்துக்கொண்டு நின்றான். நீதிபதி நிமிர்ந்து மூக்கண்ணனைப் பார்த்தார். வக்கீலம்மா எழுந்து, "என் கட்சிக்காரர் இதுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர் இல்லைங்க" என்றார்.

"உண்மைதான். சொல்ல வேண்டாம்" என்றார் நீதிபதி. "ஆனா இப்படி ஒரு பதிவேட்டை வச்சு நான் எந்த உத்தரவும் போட முடியாது. கையெழுத்து நிபுணர் பார்த்து அறிக்கை கொடுக்கட்டும். மூணு வாரம்."

மூன்று வாரம்! மூக்கண்ணன் மனசுக்குள் கணக்குப் போட்டார். வாயை மூடிக்கொண்டு இருந்தால் இந்தக் கதவு வழியாக வீட்டுக்குப் போகலாம். சாயங்காலம் பெண்டாட்டி கையால் சாப்பிடலாம். ஆனால் தையல் கூடத்துக்காரி நாளைக்கும் பூட்டி வைப்பாளா? நாளை மறுநாள்? அவர் எழுந்தார். எழுந்தது அவருக்கே தெரியவில்லை.

"நான்தான் போட்டேங்க."

"உக்காருங்க!" என்றார் வக்கீலம்மா.

"நான்தான் போட்டேன். நாலு நாளும். கையெழுத்துதான் பொய்ங்க ஐயா. டப்பா எண்ணிக்கை நிஜம். நாப்பத்திரண்டு."

"பொய்க் கையெழுத்துப் போட்டவர் எண்ணிக்கைய நான் எப்படி நம்பறது?"

"நம்பாதீங்க. திறந்து எண்ணிப் பாருங்க. ஆனா இன்னைக்கே எண்ணுங்க ஐயா. சுவத்துல தண்ணி இறங்குது. வாடை வந்துடுச்சு. பக்கத்துல பன்னெண்டு பேரு வேல செய்யறாங்க." அவர் குரல் கிறீச்சிட்டது. "என்னை என்ன வேணா பண்ணுங்க. அப்புறமா பண்ணுங்க."

நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார். "இந்த நாலு மட்டும்தானா?"

இந்தக் கேள்விக்குத்தான் அவர் எல்லாவற்றையும்விட அதிகமாகப் பயந்தார். நாலு என்று சொல்லிவிடலாம். துக்கத்தில் செய்த தவறு என்று யாராவது இரக்கப்படுவார்கள். உண்மையைச் சொன்னால் செத்தவரையும் சேர்த்துக் கூண்டில் ஏற்றுவதாகிவிடும். சுவரோரம் பார்த்தார். அண்ணி கையைக் கோத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"இல்லைங்க. பாதி நான் அவருக்காகப் போட்டது. பாதி அவர் எனக்காகப் போட்டது. ரெண்டு பேரும் சேந்து நின்னு அந்தக் கதவத் திறந்து பல வருஷம் ஆச்சு."

"நீங்க சொல்றது உங்க லைசென்ஸை மட்டும் இல்ல, அவரோடதையும் சேத்துக் காலி பண்ணும். தெரியுமா?"

"தெரியுங்க."

மகன் தலையைக் குனிந்துகொண்டான். எதற்காக வழக்குப் போட்டானோ அது அவன் கண்ணெதிரே இல்லாமல் போய்க்கொண்டிருந்தது. அவன் வக்கீல் காகிதங்களை அடுக்கத் தொடங்கினார்.

அன்று சாயங்காலத்துக்குள் சீல் உடைத்தார்கள். தீயணைப்பு வண்டி ஒன்று, லைசென்ஸ் அலுவலக ஆட்கள் இரண்டு பேர், அமீனா. தெருவையே காலி செய்தார்கள். அறைக்குள் எது எங்கே இருக்கிறது என்று தெரிந்த ஆள் வேறு யாரும் இல்லாததால், முகமூடி மாட்டிக்கொண்டு மூக்கண்ணனும் அவர்களோடு உள்ளே போனார். வடக்கு மூலையில் சுவர் கறுத்து, தண்ணீர் கோடாக இறங்கி, கீழ்த்தட்டுப் பெட்டியை ஊற வைத்திருந்தது. மூன்று டப்பாக்களின் மூடி துருவேறி விளிம்பில் கசிந்துகொண்டிருந்தது. எண்ணினார்கள். நாற்பத்திரண்டு. அலுவலக ஆள் வெளியே வந்து முகமூடியைக் கழற்றியபோது, அவர் முகத்தில் ரத்தம் இல்லை. "இன்னும் ரெண்டு நாள் விட்டிருந்தா..." என்று அமீனாவிடம் சொல்லிவிட்டு முடிக்காமல் போய்விட்டார். பட்டாளத்தாரின் மகன் தெருமுனையில் மழையில் நின்றுகொண்டிருந்தான். மூக்கண்ணன் வெளியே வந்ததைப் பார்த்ததும் திரும்பி நடந்தான்.

அதற்கப்புறம் நடந்தது எல்லாம் காகிதத்தில் நடந்தது. அந்த லைசென்ஸ் தகுதி பெற்ற ஆளுக்குத் தரப்பட்டது, அது வாரிசுக்கு இறங்குகிற சொத்து இல்லை, அதன் நிபந்தனையும் பல வருஷமாகவே மீறப்பட்டிருக்கிறது என்று சொல்லி நீதிபதி வழக்கைத் தள்ளினார். லைசென்ஸ் அலுவலகம் அதை ரத்து செய்தது. கையெழுத்து விஷயம் தனி வழக்காகப் போயிற்று. வாய்தாவுக்கு வாய்தா மூக்கண்ணன் போய் நிற்கிறார். ஜெயிலா, அபராதமா, யாருக்கும் தெரியாது. ஏழு ஆட்களில் ஐந்து பேருக்கு வேறு கம்பெனியில் வேலை சொல்லி வைத்தார். மீதி இரண்டு பேர் அவரோடு பேசுவதில்லை. காலையில் வாசலில் பைக் சத்தம் கேட்டால் இப்போதும் போலீஸோ என்று ஜன்னலில் எட்டிப் பார்க்கிறார்.

ஒரு நாள் கோர்ட்டில் நகல் வாங்கும் பிரிவுக்கு வரச்சொல்லி வக்கீலம்மா ஆள் அனுப்பினார். பதிவேட்டில் எந்தெந்தப் பக்கத்துக்கு நகல் வேண்டும் என்று குறித்துக் கொடுக்க வேண்டும். போனால், அங்கே பெஞ்சில் அண்ணி உட்கார்ந்திருந்தார். மகன் வரவில்லை. மூக்கண்ணனுக்குக் காலைப் பின்னால் எடுத்து வைக்கத்தான் தோன்றியது. ஆனால் அண்ணி பார்த்துவிட்டார்.

"வாங்க தம்பி" என்றார். "நீங்க இன்னைக்கு வருவீங்கன்னு வக்கீலம்மாதான் சொன்னாங்க."

"அண்ணி, நான் அண்ணன் பேரைக் கெடுக்கணும்னு..."

"அதுக்கு வரல." அண்ணி முந்தானையால் கையைத் துடைத்துக்கொண்டார். "வீட்டுல தேடிப் பாத்தேன். அவர் கைப்பட எழுதினது ஒண்ணும் இல்ல. கடிதாசி எழுதற ஆளா அவரு? பாங்க் காகிதமெல்லாம் பையன் வக்கீல்கிட்ட குடுத்துட்டான். இந்தப் புத்தகத்துல அவர் கையெழுத்து நூத்துக்கணக்குல இருக்காமே. ஒண்ணு காட்டுங்க. செல்லுல படம் எடுத்து வச்சுக்கறேன்."

குமாஸ்தா பதிவேட்டை மேசைமேல் வைத்தார். இது கடைசியாக எழுதிய புத்தகம், ஒழுங்காக எழுதிய பழைய பதிவேடு எப்போதோ லைசென்ஸ் அலுவலகத்துக்குப் போய்விட்டது. மூக்கண்ணன் முதல் பக்கத்தைத் திறந்தார். இரண்டு கட்டம், இரண்டு கையெழுத்து. பட்டாளத்தாரின் சுழி கச்சிதமாக இருந்தது. அது அவர் போட்டதுதான் என்று விரலை வைக்கப் போனவர், பக்கத்திலிருந்த தன் கையெழுத்தைப் பார்த்தார். அதுவும் கச்சிதமாக இருந்தது. இரண்டும் ஒரே பேனா. பக்கத்தைத் திருப்பினார். அடுத்ததிலும் ஒரே பேனா. இந்த நாள் யார் முதலில் வந்தது? மழை நாளா, வெயில் நாளா? ஒன்றும் ஞாபகம் வரவில்லை. இன்னும் திருப்பினார். நடுப்பக்கம், அதற்கடுத்த பக்கம். சுழிக்குச் சுழி, புள்ளிக்குப் புள்ளி, எல்லாம் ஒரே மாதிரி நின்றன. போலீஸுக்குப் பயந்தபோதும், கோர்ட்டில் எழுந்து நின்றபோதும் வராத ஒரு பயம் இப்போது வந்தது.

"எது தம்பி?" அண்ணி செல்போனைத் தயாராகப் பிடித்துக்கொண்டு நின்றார்.

ஏதோ ஒன்றைக் காட்டியிருக்கலாம். யாருக்குத் தெரியப் போகிறது? அவர் கடைசிப் பக்கம்வரை வந்துவிட்டார்.

"இந்த நாலும் நான் போட்டதுன்னு மட்டும் தெரியும் அண்ணி" என்றார். "மத்தது எது அவரோடதுன்னு எனக்கே தெரியல."